உயிரோடு இருந்தவருக்கு ‘தெய்வத்திரு’ போட்டேன்

2022 ஆவணி. முகூர்த்தத்துக்கு இரண்டு வாரம் இருக்கும். காலையில் கடையைத் திறந்து சாமி படத்துக்கு ஊதுவத்தி காட்டிக்கொண்டிருந்தேன். ஒரு பெரியவர் குடையை வாசலில் சாய்த்து வைத்துவிட்டு உள்ளே வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். மஞ்சப்பையிலிருந்து ஒரு கல்யாணப் பத்திரிகையை எடுத்து மேசைமேல் விரித்தார். ஒரு வரிக்கு அடியில் விரலை வைத்தார்.

“இது யாரு பேருபா?”

படித்தேன். படிக்கும்போதே வயிற்றைக் கலக்கியது.

“ஐயா, நீங்கதாங்களா…”

“நான்தான். உயிரோடதான கீறேன்? தொட்டுப் பாரு.”

மாப்பிள்ளையின் தாத்தா அவர். அவர் பெயருக்கு முன்னால் ‘தெய்வத்திரு’ என்று அச்சாகியிருந்தது. நான் அடித்த மேட்டர், நான் எடுத்த பிளேட். 600 பத்திரிகையில் 150 ஏற்கெனவே போய்ச் சேர்ந்துவிட்டது. பேரணாம்பட்டிலிருந்து ஒரு சொந்தக்கார அம்மா போனிலேயே ஒப்பாரி வைத்திருக்கிறார், ‘ஒரு வார்த்த சொல்லி அனுப்பல பாத்தியா’ என்ற கோபத்தோடு சேர்த்து. ஆம்பூரிலிருந்து ஒருத்தர் மாலை வாங்கிக்கொண்டு பஸ்ஸே ஏறிவிட்டாராம், வழியில் போன் போட்டுத் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள்.

பெரியவர் கத்தியிருந்தால் கூடத் தேவலாம். அவர் தபால்காரராக இருந்து ஓய்வு பெற்றவர். மெதுவாகத்தான் பேசினார். “முப்பத்தாறு வருசம் தபால் குடுத்தேன். ஒரே தெருவுல நாலு முருகேசன் இருப்பான். ஒரு கடுதாசி மாறிப் போனது கிடையாது. உனக்கு ஒரு வரி பாக்கறதுக்கு கண்ணு இல்லியா?”

கண் இருந்தது. அது வேறு இடத்தில் இருந்தது.

குடியாத்தம் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்துச் சந்தில் டிடிபி கடை வைத்திருக்கிறேன். கல்யாணம், காதுகுத்து, மஞ்சள் நீராட்டு, கண்ணீர் அஞ்சலி, பில் புக். முகூர்த்தம் இல்லாத மாசங்களில் ஜெராக்ஸ்தான் சோறு போடும். இந்தத் தொழிலில் இருப்பவர்களுக்கு அன்று என்ன நடந்திருக்கும் என்று இந்நேரம் புரிந்திருக்கும். புதுப் பத்திரிகையை யாரும் வெற்றுப் பக்கத்தில் ஆரம்பிப்பதில்லை. போன வாரம் செய்த ஃபைலைத் திறந்து, பழைய பெயரை அழித்து, புதுப் பெயரை அதன் மேலேயே அடிப்போம். போன வாரத்துக் குடும்பத்தில் தாத்தா இல்லை, அதனால் ‘தெய்வத்திரு’ இருந்தது. பெயரை மாற்றினேன். முன்னால் இருந்த சொல்லை அழிக்கப் போன நேரத்தில் மேசைமேல் போன் அதிர்ந்தது.

அதில் வந்தது என்ன தெரியுமா? ஊர்ப் பெயரில் நான் நடத்திவந்த ஃபேஸ்புக் பக்கத்தில், கௌண்டின்ய ஆற்றில் குப்பை கொட்டுவதைப் பற்றிப் போட்ட பதிவுக்கு 300-வது ஷேர். அதைப் பார்த்தேன். கீழே இருவர் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள், அதையும் பார்த்தேன். ஒருத்தருக்குப் பதில் எழுதினேன். திரும்பி வந்து, தாத்தா வரி முடிந்துவிட்டது என்று நினைத்து அப்பா வரிக்குப் போய்விட்டேன்.

தப்பில் பாதிப் பங்கு பார்ட்டிக்கும், அதாவது ஆர்டர் கொடுத்தவருக்கும் உண்டு. அதைச் சொல்லித் தப்பிக்கப் பார்க்கவில்லை, ஆனால் பேச வேண்டிய விஷயம். முன்பெல்லாம் ப்ரூஃபைத் தாளில் எடுத்துக் கொடுப்போம். வீட்டுக்குக் கொண்டுபோவார்கள், பாட்டி முதல் பேரன் வரை படிப்பார்கள். இரண்டு நாள் கழித்துப் பேனாவால் சுழித்த தாள் திரும்பி வரும், ஓரத்தில் காபிக் கறையோடு. இப்போது வாட்ஸப்பில் படமாக அனுப்புகிறோம். மாப்பிள்ளையின் அப்பா வண்டி ஓட்டிக்கொண்டே பார்த்தாரோ, மண்டபத்துக்காரரிடம் பேசிக்கொண்டே பார்த்தாரோ, ஒரு கட்டை விரல் பொம்மை வந்தது. அந்தக் கட்டை விரலை நம்பி மெஷினை ஓட்டிவிட்டேன். அடித்துக் கொடுத்த நானும் பார்க்கவில்லை, ஒப்புதல் கொடுத்தவரும் பார்க்கவில்லை. பத்திரிகையை எழுத்துக் கூட்டி முதலில் படித்தது, செத்துப்போனதாக அதில் சொல்லப்பட்ட ஆள்.

முழுக்க என் செலவில் திரும்ப அடித்துக் கொடுத்தேன். கார்டு விலை, பிளேட், கூலி எல்லாம் சேர்த்துப் பதினோராயிரத்துக்கு மேல் போனது. அந்த முகூர்த்த சீசனின் லாபம் அத்தோடு சரி.

பணம் போனது ஒரு பக்கம். அன்று ராத்திரி தூக்கம் வராமல் புரண்டபோது அதைவிடப் பெரிய கணக்கு ஒன்று மனசில் ஓடியது. என் கவனத்தை எவனோ திருடிவிட்டான் என்று பெரியவரிடம் அழலாம் போலிருந்தது. ஆனால் அதே பக்கத்தை வைத்துக்கொண்டு ஒன்பது வருஷமாக நான் என்ன செய்துகொண்டிருந்தேன்? அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

2013-ல் சும்மா ஆரம்பித்த பக்கம் அது. கெங்கையம்மன் சிரசுத் திருவிழா படங்கள்தான் முதலில் போட்டேன். வைகாசி ஒன்றாம் தேதி ஊரே தெருவில் நிற்கும், எந்தப் பக்கம் கேமராவைத் திருப்பினாலும் படம். துபாயில் இருக்கும் நம்மூர்ப் பையன்கள் கண் கலங்கிப் பின்னூட்டம் போடுவார்கள். 2016 செப்டம்பரில் ஜியோ வந்தது. டேட்டா தண்ணீர் மாதிரி ஆனதும் கூட்டமும் கூடியது. ஒரு கட்டத்தில் 22,000 பேர். ஒரு துணிக்கடையும் ஒரு ஹோட்டலும் மாசம் விளம்பரம் கொடுத்தார்கள். பஜாரில் போனால் ‘அட்மின் வர்றாரு’ என்பார்கள். பொய் சொல்வானேன், நெஞ்சு நிமிரும்.

2018 ஏப்ரல் கடைசி. அப்போது வடக்கு ஆர்க்காடு பக்கம் எல்லா போனிலும் ஒரு குரல் பதிவு சுற்றிக்கொண்டிருந்தது. வடநாட்டிலிருந்து ஆள் இறங்கியிருக்கிறார்கள், பிள்ளைகளைத் தூக்குகிறார்கள், ஜாக்கிரதை என்று. பேசுகிறவர் பதற்றத்தோடு பேசுவார், கேட்டால் நம்பாமல் இருக்க முடியாது. நான் அதைப் பக்கத்தில் போடவில்லை. ஆனால் வாட்ஸப்பில் பத்துப் பதினோரு குரூப்புக்கு அனுப்பினேன். ‘உண்மையா தெரியல, எதுக்கும் உஷாரா இருங்க’ என்று ஒரு வரியும் சேர்த்தேன். அந்த வரி எழுதியதால் எனக்குப் பொறுப்பு இல்லை என்று நினைப்பு.

மே 9-ம் தேதி போளூர் பக்கத்தில் அத்திமூரில், சென்னையிலிருந்து குலதெய்வக் கோயிலுக்குக் காரில் வந்த ஒரு குடும்பத்தை ஊரே சூழ்ந்து அடித்தது. வழி கேட்க நிறுத்தியிருக்கிறார்கள். காரில் வந்த 65 வயது அம்மா அங்கே விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளுக்குச் சாக்லேட் கொடுத்திருக்கிறார். அவர் செத்துப்போனார்.

அடித்தவர்களின் கைக்கு என் செய்தி போயிருக்குமா? போயிருக்காது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் ‘போயிருக்காது’ என்று சத்தியம் செய்ய என்னால் முடியாது. அன்றைக்கு அந்தக் குரூப் எல்லாவற்றிலும் போய் ‘அது பொய்’ என்று எழுதினேன். பத்து நாள் தாமதம்.

அதற்கப்புறமும் நான் திருந்தினேன் என்று நினைத்துவிடாதீர்கள். 2021 ஜனவரியில் பள்ளிகொண்டா பக்கம் ஹைவேயில் ஒரு விபத்து. தெரிந்த டிரைவர் ஒருவர் இரண்டு நிமிடத்தில் படம் அனுப்பினார். வேறு யாரும் போடுவதற்குள் போட வேண்டும், அதுதான் தலைக்குள் ஓடியது. ஆள் மேல் துணி போர்த்தியிருந்தது, அதனால் தப்பில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ‘இதயம் பலவீனமானவர்கள் பார்க்க வேண்டாம்’ என்று மேலே எழுதினேன். இந்த வரியைப் பக்கம் நடத்துகிற எல்லோரும் எழுதுவோம். எச்சரிக்கை மாதிரி இருக்கும், உண்மையில் அது அழைப்பிதழ். அந்த வரி இருந்தால் பார்ப்பவர்கள் எண்ணிக்கை ஏறும், அது எனக்குத் தெரியும்.

படத்தின் ஓரத்தில் வண்டி நம்பர் இருந்தது. நான் கவனிக்கவில்லை.

மூன்று நாள் கழித்து ஒரு பெண் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடிக்க வந்தார். பாஸ்போர்ட் சைஸ் போட்டோ ஒன்று, பெயர், தோற்றம், மறைவு. நான் மறைவு தேதியை அடித்துக்கொண்டிருக்கும்போது அவர் சொன்னார்: “அண்ணா, நீங்கதான அந்தப் பேஜ் நடத்தறது? எங்க தம்பி போனத போலீஸ் சொல்லறதுக்கு முன்னாடி உங்க பேஜ்லதான் பாத்தோம். வண்டி நம்பர பாத்து அம்மா அப்படியே உக்காந்துட்டாங்க. அத எடுத்துடுங்கண்ணா.”

அவர் கோபப்படவில்லை. சண்டை போட வந்தவரில்லை. குடும்பத்துக்குப் பழக்கமான கடை என்று வந்திருக்கிறார், வந்த இடத்தில் அதையும் கேட்டார். அவர் முன்னாலேயே அழித்தேன். 9,000-க்கு மேல் பேர் பார்த்திருந்தார்கள். அழிக்கும்போது ‘உறுதியாக நீக்கவா?’ என்று கேட்டது. போடும்போது அது அப்படியெல்லாம் கேட்பதில்லை.

போஸ்டருக்குக் காசு வாங்கவில்லை. அதனால் ஒன்றும் சரியாகிவிடவில்லை.

ஆனாலும் எல்லாமே கேடு என்று சொல்ல நான் ஆளில்லை. அதே 2021 நவம்பரில் மோர்தானா அணை நிரம்பி வழிந்து ஆற்றில் வெள்ளம் ஊருக்குள் வந்தபோது, எந்தத் தெருவில் தண்ணீர், எந்தப் பாலம் மூடியிருக்கிறது, எங்கே சாப்பாடு கொடுக்கிறார்கள் என்று இரண்டு நாள் தூங்காமல் போட்டேன். நேரில் பார்த்தவர்களிடம் கேட்டுப் போட்டேன். அதனால் பயன்பட்டவர்கள் இன்றைக்கும் சொல்கிறார்கள். வெள்ளத்துக்கு ஆன கவனமும், சும்மா ஒரு செவ்வாய்க்கிழமை குப்பைச் சண்டைக்கு ஆன கவனமும் ஒரே போனில், ஒரே அதிர்வில் வருகிறது. எது எது என்று பிரித்துச் சொல்ல அதற்குத் தெரியாது. தெரிய வேண்டும் என்ற அவசியமும் அந்தக் கம்பெனிகளுக்கு இல்லை.

தாத்தா விஷயத்துக்கு அப்புறம்தான் இதெல்லாம் எப்படி வேலை செய்கிறது என்று உட்கார்ந்து படித்தேன். படித்ததில் மூன்று விஷயம் என்னை உலுக்கியது.

கலிஃபோர்னியாவில் குளோரியா மார்க் என்ற பேராசிரியர் ஆபீஸ் ஊழியர்கள் பின்னாலேயே நின்று நிமிடக் கணக்கு எடுத்திருக்கிறார். ஒரு வேலை நடுவில் தடைபட்டால், அதே வேலைக்குத் திரும்பி வர சராசரியாக 23 நிமிடம் ஆகிறதாம், நடுவில் வேறு இரண்டு வேலைக்குப் போய்விட்டு. 2004-ல் ஒரு திரையில் சராசரியாக இரண்டரை நிமிடம் நின்ற பார்வை, பிற்கால அளவெடுப்புகளில் 47 விநாடிக்கு வந்துவிட்டது. என் கடைக் கணக்கும் ஏறக்குறைய அதுதான். தாத்தா வரியில் தொடங்கிக் குப்பை, சண்டை, பதில், பிறகு அப்பா வரி.

இரண்டாவது. 2012 ஜனவரியில் ஒரு வாரம் ஃபேஸ்புக் 6,89,003 பேருக்குக் காட்டுகிற பதிவுகளில் கை வைத்தது. சிலருக்குச் சந்தோஷமான பதிவுகளைக் குறைத்தார்கள், சிலருக்குச் சோகமானதைக் குறைத்தார்கள். அவர்கள் எழுதுவதில் மாற்றம் வருகிறதா என்று பார்க்க. 2014-ல் கட்டுரையாக வந்தபோதுதான் உலகத்துக்குத் தெரிந்தது. விளைவு என்னவோ மிகச் சின்னது. என்னை உறுத்தியது விளைவின் அளவு இல்லை. அந்த ஆறு லட்சத்துச் சொச்சம் பேரில் ஒருத்தரிடமும் தனியாக ‘உங்களை வைத்துப் பார்க்கலாமா’ என்று கேட்கவில்லை. இதைப் படித்துக் கோபம் வந்தது. கோபம் வந்த கையோடு அந்தப் போர்த்திய துணி ஞாபகம் வந்தது. நான் யாரைக் கேட்டேன்?

மூன்றாவது, என் பதிவுகளைப் பற்றி எனக்கு ரொம்ப நாளாக இருந்த சந்தேகத்துக்குப் பதில். நம்மூர்ப் பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாவட்ட அளவில் ஜெயித்ததைப் போட்டால் 40 லைக். குப்பையைப் போட்டால் ஊரே வரும். மக்கள் அப்படித்தான் என்று நினைத்திருந்தேன். 2017-லிருந்து சில வருஷம், கோப முகம் உள்பட அந்த உணர்ச்சிப் பொம்மைகளுக்கு ஒரு சாதாரண லைக்கைப் போல ஐந்து மடங்கு எடை கொடுத்திருக்கிறார்கள். எந்தப் பதிவை மேலே தூக்குவது என்று கணக்குப் போடும்போது கோபம் அஞ்சு லைக்குக்குச் சமம். 2021-ல் கம்பெனிக்குள்ளிருந்து வெளியே வந்த காகிதங்களில் இருந்த விஷயம் இது. பிற்பாடு அந்த எடையை எடுத்துவிட்டார்களாம். ஆனால் அதற்குள் என் கை பழகிவிட்டது. தலைப்பில் ‘அதிர்ச்சி’ போடாமல் ஒரு பதிவு எழுதத் தெரியாதவனாகியிருந்தேன்.

அச்சுத் தொழிலாளியாக இன்னொன்றும் தோன்றியது. காகிதத்துக்கு அடி விளிம்பு என்று ஒன்று உண்டு. பத்திரிகையோ நாளிதழோ, அந்த விளிம்பு வந்தால் கண் நின்றுவிடும், ஆள் நிமிர்ந்து பார்ப்பார். தள்ளத் தள்ளத் தீராத பக்கத்தை 2006-ல் வடிவமைத்தவர் அசா ரஸ்கின். பின்னாளில் அவரே அதற்காக வருத்தப்பட்டுப் பேசியிருக்கிறார். பக்கத்தின் அடியை வெட்டிப் போட்டுவிட்டார்கள். எங்கே நிறுத்துவது என்று கண்ணுக்குத் தெரியாவிட்டால், நிறுத்தாததைப் பார்ப்பவனின் பலவீனம் என்று மட்டும் சொல்ல முடியுமா? நான் சொல்ல மாட்டேன்.

சரி, நான் செய்தது என்ன என்பதற்கு வருகிறேன். முதலில் தோற்றதைச் சொல்கிறேன், அதுதான் அதிகம்.

போனைக் கறுப்பு வெள்ளையாக்கினால் ஆசை குறையும் என்றார்கள். ஆக்கினேன். மறுநாள் ஒரு பார்ட்டி அனுப்பிய மாடலைப் பார்த்து மெரூனுக்குப் பதில் கத்திரிப்பூ கலரில் கார்டு எடுத்துவிட்டேன். கலரை வைத்துப் பிழைப்பவனுக்கு அது ஆகாது. ஃபேஸ்புக்கையே அழித்தேன். மூன்றாம் நாள், யாரோ தெரிந்தவர் இறந்துவிட்டார் என்று கேள்விப்பட்டு ‘யாருன்னு மட்டும் பாக்கலாம்’ என்று திரும்ப ஏற்றினேன். ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் போனில் இருக்கிறேன் என்று போனே காட்டும் அல்லவா, ஐந்தரை மணி நேரம் என்று காட்டியது. பதறிப்போய், அதைப் படம் பிடித்து ஸ்டேட்டஸில் போட்டேன்! அதை எத்தனை பேர் பார்த்தார்கள் என்று சாயங்காலம் வரை எண்ணிக்கொண்டிருந்தேன். வீட்டில் சிரிப்பாய்ச் சிரித்தார்கள்.

வேலைக்கு ஆனது ஒரே ஒரு விஷயம்: தூரம்.

கடையில் வெற்றுக் கார்டுக் கட்டுகள் வைக்கும் பரண் இருக்கிறது. ஏணி போட்டுத்தான் ஏற வேண்டும். காலையில் கடை திறந்ததும் போனை அங்கே வைத்துவிட்டு இறங்கிவிடுகிறேன். எனக்கு முட்டி வலி. ஏறி எடுக்கலாம்தான், ஆனால் முட்டி ‘இதுக்காகவா?’ என்று கேட்கும். பத்தில் எட்டுத் தடவை இதுக்காக இல்லை. மேசையில் ஒரு பட்டன் போன், அவசரத்துக்குக் கூப்பிடுபவர்களுக்கு அந்த நம்பர். பார்ட்டிகள் மேட்டர் அனுப்புகிற வாட்ஸப் நம்பரைக் கடையில் வேலை பார்க்கும் பெண் தனிப் போனில் பார்த்துக்கொள்கிறது. பதினொரு மணிக்கும் நாலு மணிக்கும் இறக்கிக் கம்ப்யூட்டரில் போட்டுவிடும். ‘அண்ணன் ரிப்ளை பண்ண மாட்டேன்றாரு’ என்று ஆரம்பத்தில் இரண்டு மூன்று ஆர்டர் கைவிட்டுப் போனது உண்மை. பிறகு பழகிவிட்டார்கள்.

மன உறுதியை நம்பாதீர்கள், ஏணியை நம்புங்கள் என்று நான் பார்க்கிறவர்களிடம் எல்லாம் சொல்கிறேன். வாட்ஸப்பே அதைத்தான் செய்தது. 2018 ஜூலையில் இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே தடவையில் ஐந்து இடங்களுக்கு மேல், அது தனி ஆளோ குரூப்போ, அனுப்ப முடியாமல் செய்தார்கள். 2020 ஏப்ரலில், ஏற்கெனவே பல கை மாறிய செய்தி என்றால் ஒரு நேரத்தில் ஒரு இடத்துக்கு மட்டும்தான் என்றார்கள். அந்த மாதிரிச் செய்திகள் 70 சதவீதம் குறைந்துவிட்டதாகக் கம்பெனி சொன்னது. யாருக்கும் புத்தி சொல்லவில்லை, ஒரு தட்டை நாலு தட்டாக்கினார்கள், அவ்வளவுதான். அத்திமூருக்கு முன்னால் அந்த ஏணி இருந்திருந்தால் பதினோரு குரூப்புக்கு உட்கார்ந்து தட்டியிருப்பேனா?

வேலையில் மாற்றிக்கொண்டதும் உண்டு. பழைய ஃபைல் மேல் அடிப்பதை விட்டேன், பெயர் வரும் பகுதிக்கு ஒவ்வொரு தடவையும் வெற்றுப் பெட்டிதான். ப்ரூஃப் தாளில்தான், கையெழுத்து போட்டுத்தான். வெளியூர்ப் பார்ட்டி என்றால் போனில் நான் வாசிப்பேன், அவர்கள் ‘சரி’ சொல்ல வேண்டும். இது நான் கண்டுபிடித்ததில்லை. தொண்ணூறுகளின் ஆரம்பத்தில் வேலூரில் ஒரு அச்சகத்தில் எடுபிடியாக இருந்தேன். ஈய எழுத்தைக் கேஸிலிருந்து பொறுக்கிக் கோக்கிற காலம். எழுத்து கண்ணாடியில் பார்த்த மாதிரித் தலைகீழாக இருக்கும், ஒவ்வொன்றாகத் தடவித்தான் படிக்க வேண்டும். ப்ரூஃப் பார்க்கும்போது ஒருத்தர் மூலத்தை உரக்க வாசிப்பார், இன்னொருத்தர் அச்சைப் பார்ப்பார். கமா வந்தால் ‘கமா’ என்று சொல்லுவார். நடுவில் யாராவது டீ கொண்டுவந்தால் அந்தப் பத்தியை முதலிலிருந்து வாசிக்கச் சொல்லுவார் ஃபோர்மேன். அப்போது அது அநியாயமாகத் தெரிந்தது. டீ ஆறிப்போகும். இன்று எங்கள் கடையிலும் அதே சட்டம்தான், டீக்கும் சேர்த்து.

ஆர்டர் தாளில் ஒவ்வொரு பெரியவர் பெயருக்குப் பக்கத்திலும் ஒரு கட்டம் சேர்த்திருக்கிறேன்: ‘உள்ளார் / அமரர்’. டிக் அடிக்கச் சொன்னால் சிரிப்பார்கள். சிரித்துக்கொண்டே அடிப்பார்கள். ஒரு அம்மா அந்தக் கட்டத்தைப் பார்த்துவிட்டுப் பேனாவைக் கீழே வைத்துக் கொஞ்ச நேரம் அழுததும் உண்டு. போன மாசம்தான் மாமியார் தவறியிருக்கிறார். அவசரத்தில் எழுதிக்கொண்டு வந்த தாளில் அது இல்லை.

பக்கத்தை மூடவில்லை. சாயங்காலம் ஏழு மணிக்கு ஒரே ஒரு பதிவு. மின்தடை எந்தப் பகுதியில், ரத்தம் யாருக்கு வேண்டும், தொலைந்த ரேஷன் கார்டு, திருவிழா. விபத்து கிடையாது, குழந்தைகள் முகம் கிடையாது. புகார் என்றால் அந்த இடத்தில் இருக்கிற இரண்டு பேரிடமாவது நானே பேசியிருக்க வேண்டும். தப்பாகப் போட்டுவிட்டால் அழித்துவிட்டு நழுவுவதில்லை, தப்பு என்று அதே அளவு பெரிதாக இன்னொரு பதிவு. முன்பு சாதாரணமாக ஆயிரக்கணக்கில் பார்ப்பார்கள், இப்போது 400, 500. துணிக்கடைக்காரர் விளம்பரத்தை நிறுத்திவிட்டார். ‘நல்லதுதான் பண்ற, ஆனா ரீச் இல்லியேபா’ என்றார். நியாயம்தான், அவர் கடை நடத்த வேண்டும். ஊரில் இப்போது இன்னொரு பக்கம் வந்திருக்கிறது. அதன் மேல் எனக்குக் கொஞ்சம் பொறாமை இருக்கிறது, மறைக்கவில்லை. ‘இதயம் பலவீனமானவர்கள்’ என்ற அதே வரியைப் போடுகிறார்கள். எழுத்துப் பிழையோடு.

வீட்டில்தான் இன்னும் தேறவில்லை. ராத்திரி எட்டு மணிக்கு மேல் போன் கைக்கு வந்தால் பழைய ஆள்தான். பிளஸ் டூ படிக்கிற மகள் ஒரு நாள் சொன்னாள்: “அப்பா, நீங்க ‘ம்ம்’ சொன்னா கேட்டீங்கன்னு அர்த்தம் இல்ல, நான் பேசறேன்னு மட்டும் தெரிஞ்சிதுன்னு அர்த்தம்.” வீட்டில் பரண் இல்லை. கட்ட வேண்டும்.

அந்தத் தபால்காரப் பெரியவர் இப்போதும் மாசா மாசம் கடைக்கு வருவார். பென்ஷன் எடுக்கப் போகும் நாளில், ஏதாவது ஒரு ஜெராக்ஸ் சாக்கு. வாசலிலேயே “தெய்வத்திரு வந்துகீறேன்பா” என்று குரல் கொடுப்பார். கடைப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கும். ஸ்டூல் அவருடையது.

போன மாசம் வந்தார். பேரன், அதே மாப்பிள்ளை, பெரிய டச் போன் ஒன்று வாங்கிக் கொடுத்திருக்கிறான். ஸ்டூலில் உட்கார்ந்து அதை எடுத்தார். மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, ஒரு விரலால் மேலே தள்ளினார். பாட்டு, சிரிப்பு, சமையல், யாரோ கத்துகிறார்கள், மறுபடி பாட்டு. சத்தம் முழுசாக வைத்திருந்தார். ஜெராக்ஸ் எடுத்து முடித்துவிட்டேன்.

“ஐயா, ஆயிடுச்சு.”

விரல் மேலே தள்ளியது.

“ஐயா, டீ சொல்லட்டுங்களா?”

“ம்ம்” என்றார்.

டீ வந்தது. அவர் முன்னால் வைத்துவிட்டு, தாளை மடித்து மஞ்சப்பையில் நானே வைத்தேன். டீயில் ஆடை கட்டுகிற வரைக்கும் அவர் நிமிரவில்லை.